அந்த அரை மாத்திரையை எழுதிக் கொடுத்தது யார்?

கேள்வி: வயது 28. சென்னையில் ஐ.டி. வேலை. டேட்டிங் ஆப்பில் பழகிய பெண்ணை நேரில் பார்க்கப் போனாலே படபடப்பு, கையெல்லாம் வியர்வை. ஸ்மார்ட் வாட்ச் இதயத் துடிப்பை 118 என்று காட்டுகிறது. ரூம் மேட் தந்த, பதற்றத்தைத் தணிக்கும் அல்பிரஸோலாம் அரை மாத்திரை போட்டால்தான் பேச்சு வருகிறது. நான்கு மாதமாக இப்படி. இப்போது ஆபீஸ் மீட்டிங்குக்கும் தினமும் தேவைப்படுகிறது. கடைசியாகப் பழகிய பெண் திடீரென்று பதில் அனுப்புவதை நிறுத்திவிட்டார். ஈசிஜி, தைராய்டு நார்மல். இதயத்தில் கோளாறா? என்னிடமே ஏதாவது குறையா?

பதில்: இதயத்தை விடுங்கள். பிடித்தவர் எதிரே உட்காரும்போது அட்ரினலின் சுரக்கும், துடிப்பு கூடும், உள்ளங்கை நனையும். மாடிப்படி ஏறினாலே 118 வரும். வாட்சைக் கழற்றி வைத்துவிட்டுப் போங்கள்.

எனக்குக் கவலை தருவது அந்த மாத்திரை. ரூம் மேட்டுக்கு எழுதிய மருந்தை நீங்கள் எப்படிப் போடலாம்? சந்திப்புக்கு மட்டும் என்று ஆரம்பித்தது தினசரி ஆகிவிட்டது. உடல் பழகிக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். அதற்காக, இதைப் படித்த வேகத்தில் சட்டென்று நிறுத்திவிடாதீர்கள். தினமும் போட்டுவந்தவர் திடீரென்று விட்டால் தூக்கம் போகும், கை நடுங்கும், சிலருக்கு வலிப்பே வரும். மனநல மருத்துவர் கணக்குப் போட்டுச் சிறிது சிறிதாகத்தான் குறைக்க வேண்டும். இதனுடன் பீர்கூட வேண்டாம், மூச்சு மந்தமாகிவிடும்.

குறை பற்றிய கேள்விக்கு வருகிறேன். சந்திப்பு நன்றாகப் போனால் பெயர் மாத்திரைக்கு, சொதப்பினால் பழி உங்களுக்கு. நான்கு மாதமாக இப்படியே கணக்கு எழுதினால் தன்னம்பிக்கை எங்கிருந்து வரும்? அந்தப் பெண் ஏன் நிறுத்தினார் என்பது உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. தெரியாத இடத்தில் 'நான் சரியில்லை' என்று நிரப்புவது பதற்றம் செய்கிற வேலை.

இதற்கு நல்ல சிகிச்சை இருக்கிறது. அறிவாற்றல் நடத்தை சிகிச்சை என்பார்கள். பயப்படும் சூழலில் ஓடாமல் உட்கார்ந்திருக்கப் பழக்குவார்கள். படபடப்பு ஏறும், சற்று நேரத்தில் தானாக இறங்கும். மாத்திரை இல்லாமலே இறங்குவதை நீங்களே பார்க்க வேண்டும். முதலில் சக ஊழியரோடு ஒரு டீ, அப்புறம் குழுவாக மதிய உணவு, அப்புறம் சந்திப்பு.

அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் மனநலப் பிரிவு உண்டு. நேரில் போகத் தயக்கமாக இருந்தால் அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ் 14416-ஐ அழையுங்கள். கட்டணம் இல்லை, தமிழிலேயே பேசலாம். இந்த வாரமே போங்கள். மாத்திரை அட்டையையும் எடுத்துச் செல்லுங்கள், தினமும் எவ்வளவு போடுகிறீர்கள் என்பதைக் குறைக்காமல் சொல்லுங்கள்.