வைரலான வீடியோ: பதில் சொல்வதா, அழிப்பதா?

கேள்வி: என் கணவர் என்னைவிட 14 வயது இளையவர். எங்கள் திருமண நாளில் தோழி எடுத்த வீடியோவை ரீல்ஸில் போட்டாள், அது வைரலாகிவிட்டது. ‘அம்மாவும் பிள்ளையும்’ என்று ஆயிரக்கணக்கில் கமெண்ட். பதில் சொல்லலாமா, அழிக்கச் சொல்லலாமா?

பதில்: பதில் மட்டும் வேண்டாம். பாராட்டோ வசவோ, ஒவ்வொரு கமெண்ட்டும் அந்தத் தளத்துக்கு ‘இதைப் பலர் கவனிக்கிறார்கள்’ என்றே கணக்காகும். நீங்கள் விளக்கம் கொடுத்தால் அதற்கு நாலு பேர் எகிறுவார்கள், வீடியோ இன்னும் தூரம் போகும். எந்தப் பதிவை முன்னே காட்டுவது என்று தீர்மானிக்க, ஃபேஸ்புக் 2017-இல் கோப எமோஜிக்கு லைக்கைவிட 5 மடங்கு மதிப்புக் கொடுத்திருந்தது. 2020-இல்தான் அதைப் பூஜ்யமாக்கினார்கள். தன்பாலினத் திருமணம் உள்ளிட்ட சர்ச்சைகள் பற்றிய 5 லட்சத்துக்கும் மேற்பட்ட ட்வீட்களை ஆராய்ந்து 2017-இல் ஓர் ஆய்வு வெளியானது. ‘வெட்கக்கேடு’ போல அறமும் உணர்ச்சியும் கலந்த ஒரு சொல் கூடினாலே, பகிர்வு சுமார் 20 சதவீதம் ஏறியதாம். திட்டுகிறவர்களுக்கு இந்த ஆய்வெல்லாம் தெரியாது. எதற்கு லைக் விழுகிறது என்று தெரியும், அது போதும்.

சண்டை உங்களைப் பற்றியதும் அல்ல. திருமணம் எப்படி இருக்க வேண்டும் என்று அவர்களுக்குள் நடக்கிற பழைய வாக்குவாதத்துக்கு உங்கள் வீடியோ சாக்கு. பார்த்தவர்களில் பெரும்பாலோர் ஒன்றும் எழுதாமல் நகர்ந்துவிட்டவர்கள். அவர்கள் உங்கள் கண்ணில் படுவதே இல்லை.

சரி, அழிப்பதா? அழிக்கலாம், ஆனால் அவசரப்பட வேண்டாம். மிரட்டலோ உங்கள் முகவரியோ கமெண்ட்டில் இருந்தால், முதலில் தேதியும் லிங்க்கும் தெரிய ஸ்க்ரீன்ஷாட் எடுங்கள். அழித்த பிறகு காவல்துறையிடம் காட்ட ஒன்றும் இருக்காது. அப்புறம் தோழியைக் கமெண்ட் பகுதியை மூடச் சொல்லுங்கள். மூல வீடியோ போனாலும் மற்றவர்கள் எடுத்துப் போட்ட நகல்கள் இருக்கும். இங்கேதான் பலர் தவறுகிறார்கள்: காப்புரிமை பொதுவாக வீடியோவில் இருப்பவருக்கு அல்ல, எடுத்தவருக்குத்தான். அதனால் நகல்களை நீக்கக் காப்புரிமைப் புகார் தர வேண்டியவர் உங்கள் தோழி. தனியுரிமை மீறல் என்று நீங்களும் தனியாகப் புகார் தரலாம்.

கமெண்ட்களைக் கண்காணிக்கும் வேலையை நம்பிக்கையான ஒருவரிடம் ஒப்படையுங்கள். உங்கள் கணவரையும் கேட்டுப் பாருங்கள், ராத்திரியில் அவரும் தனியே அதைத்தான் படித்துக்கொண்டிருக்கிறாரோ என்னவோ.