மூன்று சுழிக் கண்காணி

கேள்வி: தெருவுக்குத் தெரு கேமரா, கையில் வேவு பார்க்கும் போன். இந்தத் தொழில்நுட்பக் கண்கானிப்பில் மனிதனுக்கு அந்தரங்கம் என்று ஏதாவது மிஞ்சுமா? (ஒரு வாசகர், மன்னார்குடி)

பதில்: மூன்று சுழி 'ணி' ஐயா! எங்கள் தெரு அடகுக் கடையிலும் 'கண்கானிப்பு கேமரா பொருத்தப்பட்டுள்ளது' என்றுதான் போர்டு. எட்டு கேமரா இருக்கிறது. தலைக்கு மேல் தொங்குகிற போர்டு ஒன்றின் கண்ணிலும் படவில்லை. நாலு வருஷமாகக் கடைக்காரரோடு மல்லுக்கட்டுகிறேன். போன தீபாவளிக்குப் புது போர்டு வைத்தார். 'கன்காணிப்பு' என்று இருந்தது. சுழியை இடம் மாற்றிவிட்டாராம்.

அப்புறம், கண்காணி என்பவர் நம்ம ஆள். இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்கும் மலாயா ரப்பர் தோட்டத்துக்கும் இங்கிருந்து ஆள் பிடித்துப்போனவர். பல நேரம் சொந்த ஊர்க்காரர், சில நேரம் பங்காளி. வழிச்செலவுக்கு முன்பணம் கொடுத்தே கடனில் கட்டிப்போடுவார். அவரை என்ன சொல்லி அழைப்பது என்று தெரியாமல் வெள்ளைக்காரத் துரைகள் தமிழ்ச் சொல்லையே ஆங்கிலத்தில் எழுதிக்கொண்டார்கள். இலங்கைத் தோட்டங்களில் காலையில் பெரட்டுக் களத்தில், அதாவது ஆள் கணக்கெடுக்கிற இடத்தில், வந்து நிற்கிற ஆட்களை எண்ணி, தலைக்கு இத்தனை பென்ஸ் என்று பெரிய கண்காணிக்குக் காசு. உங்கள் போனில் இருக்கிற 'இலவச' செயலிக்கும் இதே வரும்படிதான். பல் துலக்குவதற்கு முன்பே நீங்கள் போய் நிற்கிறீர்கள். தலைக்குக் காசு விளம்பரக்காரன் தருகிறான்.

பெரட்டும் ஒழியவில்லை. நூறு நாள் வேலையில் 2023 ஜனவரி முதல், நாளுக்கு இரண்டு தடவை வேலையாட்களைப் படம் பிடித்து, இடமும் நேரமும் தெரியச் செயலியில் ஏற்றுவது கட்டாயமானது. மண்வெட்டியோடு வெயிலில் நிற்கிற கிழவி சிக்னல் கிடைக்கும்வரை நிற்க வேண்டும். 2025 ஜூலையில் இதை நடத்துகிற ஒன்றிய ஊரக வளர்ச்சி அமைச்சகமே சுற்றறிக்கை விட்டது: போட்டோவையே போட்டோ எடுத்து ஏற்றுகிறார்களாம். எல்லாப் படத்தையும் ஊராட்சியில் உட்கார்ந்து சரிபார்க்கச் சொன்னது. கண்காணிக்கு ஒரு கண்காணி!

அந்தரங்கமா? 2017 ஆகஸ்ட் 24 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாக அதை அடிப்படை உரிமை என்று சொல்லிவிட்டார்கள். தீர்ப்பு 547 பக்கம். பத்திரமாக இருக்கிறது.

சரி, அந்த போர்டு? நேற்று கடைக்காரரே கூப்பிட்டு, திருத்தியாகிவிட்டது என்றார். இவ்வளவு நாள் கழித்து என்ன திடீர் அக்கறை என்றேன்.

"தினம் நம்ம வாசல்ல நின்னு மூஞ்சியச் சுழிக்கிறீங்களே சார், கேமராவுல பார்க்கச் சகிக்கல."