லைசென்ஸ் இல்லாத டிரைவர் மோதி அப்பா இறந்துவிட்டார். இன்சூரன்ஸ் கம்பெனி பணம் தர முடியாது என்கிறது. ஒன்றும் கிடைக்காதா?

வண்டிக்கு இன்சூரன்ஸ் நடப்பில் இருக்கிறது, லைசென்ஸில்தான் கோளாறு என்று எடுத்துக்கொள்கிறேன். அப்படியென்றால் பெரும்பாலும் கிடைக்கும். "எங்களுக்குப் பொறுப்பில்லை" என்று எங்களுக்கும்தான் பதில் மனு போட்டார்கள். நான் மளிகைக் கடைக்காரன். வக்கீல்கள் யாரும் கோபித்துக்கொள்ள வேண்டாம், பட்டதைச் சொல்கிறேன்.

என் தம்பி கொத்தனார், 34 வயது. வேலை முடிந்து பைக்கில் வந்தவன் மேல் ஒரு குட்டியானை வண்டி ஏறிவிட்டது. டிரைவரின் லைசென்ஸ் காலாவதி. எங்கள் வக்கீல் அசரவில்லை. 2004-ல் சுவரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை எடுத்து வைத்தார். லைசென்ஸ் சரியில்லை என்பது மட்டும் போதாது, உரிமையாளர் அலட்சியமாக வண்டியைக் கொடுத்தார் என்பதையும் கம்பெனிதான் நிரூபிக்க வேண்டும். நிரூபித்தாலும், முதலில் நீ கட்டு, பிறகு உரிமையாளரிடம் வசூலித்துக்கொள் என்று விபத்து இழப்பீட்டை முடிவு செய்யும் தீர்ப்பாயம் சொல்லலாம். எங்களுக்கு அப்படித்தான் உத்தரவானது. ஆனால் எங்களுடையது பழைய விபத்து. 2022 ஏப்ரல் முதல் நடந்த விபத்துக்குத் திருத்திய மோட்டார் வாகனச் சட்டம், அதில் மனு போட ஆறு மாதக் கெடு வேறு இருக்கிறது. இந்த வாரமே ஒரு வக்கீலைப் பாருங்கள்.

உண்மையில் எங்களை அலைக்கழித்தது லைசென்ஸ் இல்லை, வருமானம். கொத்தனாருக்கு ஏது சம்பளச் சீட்டு? கம்பெனி வக்கீல் குறுக்கு விசாரணையில் என் தம்பியைத் தினமும் வேலை கிடைக்காத கூலியாள் ஆக்கிவிட்டார். ஊரில் பாதி வீட்டுக்குச் சுவர் எழுப்பியவன் அவன். மேஸ்திரியிடம் ஒரு கடிதம் கேட்டால், வரி வரும் என்று நழுவிவிட்டார். கடைசியில் கைகொடுத்தது கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டையும், பைக் கடனுக்கு மாதாமாதம் தவணை கட்டிய பாஸ்புக்கும்தான். உங்கள் அப்பா என்ன வேலை செய்தார் என்று நீங்கள் எழுதவில்லை. எதுவானாலும் இந்த மாதிரிக் காகிதங்களை இப்போதே தேடி வையுங்கள்.

வருமானம் ஏன் அவ்வளவு முக்கியம் என்றால், மொத்தக் கணக்கும் அதில்தான் நிற்கிறது. தீர்ப்பாயம் மாதம் 15,000 என்று ஏற்றது. சொந்தத் தொழில், 40 வயதுக்குள் என்பதால் எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் சேர்த்து 21,000. இது 2017-ல் பிரணாய் சேத்தி தீர்ப்பில் வந்தது. தம்பியை நம்பியிருந்தவர்கள் நாலு பேர்: மனைவி, இரண்டு பிள்ளைகள், எங்கள் அம்மா. அதனால் அவன் சொந்தச் செலவுக்கென்று கால் பங்கைக் கழித்தால் 15,750. வருடத்துக்கு 1,89,000. 2009 சரளா வர்மா தீர்ப்பின்படி அவன் வயதுக்குப் பெருக்கு எண் 16. ஆக 30,24,000 ரூபாய். இறுதிச் சடங்குச் செலவு மாதிரியானவை தனி. மாத வருமானத்தில் ஆயிரம் குறைத்தாலே மொத்தத்தில் இரண்டு லட்சம் போய்விடும். வயது ஏற ஏற அந்தப் பெருக்கு எண் இறங்கும், 51 முதல் 55 வரை 11தான். அப்பாவின் வயதுச் சான்றையும் சரிபாருங்கள்.

"செத்தவனை வைத்துக் காசு பார்க்கிறார்கள்" என்று எங்கள் சொந்தத்திலேயே பேசினார்கள். பேசியவர்கள் பிள்ளைகளுக்கு ஒரு மாதம் பால் வாங்கிக் கொடுத்தார்களா என்றால் இல்லை.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், நீங்கள் கேட்கவில்லை என்றாலும். பிள்ளைகள் பங்கை மேஜராகும்வரை வங்கியில் வைப்பு நிதியாகப் போடச் சொல்லிவிட்டார்கள். அதற்குக் கையெழுத்துப் போடப் போன தம்பி மனைவியிடம் மேனேஜர், அவள் கைக்கு வந்த பங்கில் ஒரு ஆயுள் காப்பீட்டு பாலிசி போடச் சொல்லி அரை மணி நேரம் பேசினார். வருடா வருடம் பிரீமியம் கட்ட அவளுக்கு என்ன வருமானம் இருக்கிறது என்று கேட்கக்கூடத் தோன்றவில்லை. லாக்கர் கேட்டாலும் பாலிசி, நகைக்கடன் கேட்டாலும் பாலிசி என்று இப்போது எல்லா வங்கியிலும் இதே கதைதான். பணம் வந்ததும் அம்மாவைத் தனியாக வங்கிக்கு அனுப்பாதீர்கள், நீங்களும் கூடப் போங்கள்.