துப்பறியும் கொப்பி

கேள்வி: கொட்டாஞ்சேனையில் ஒரு தொடர்மாடியில் இருக்கிறோம். கணவருக்குக் கட்டாரில் வேலை. ஒரே மகன், ஒன்பது வயது. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் பால்கனியில் நின்று, யார் வருகிறார், யார் போகிறார் என்று நேரத்தோடு கொப்பியில் எழுதுகிறான். கேட்டால் துப்பறிகிறானாம். கீழ்வீட்டு அன்ரி சண்டைக்கே வந்துவிட்டார். கொப்பியைப் பறித்து வைத்துவிட்டேன். ஒரு பக்கத்தின் படத்தை அனுப்புகிறேன். நான் செய்தது சரியா?

பதில்: கொப்பியை இன்றைக்கே திருப்பிக் கொடுங்கள் தங்கச்சி.

அந்தப் பக்கத்தை மூன்று தரம் வாசித்தேன். "4.10 சூன் பாண் ஓட்டோ. 5.00 மூன்றாம் மாடி ஆச்சி கதிரையை வாசலில் போட்டா. ஒருத்தரும் வரேல்லை. 6.00 ஆச்சி கதிரையை உள்ளே எடுத்தா." ஒரு வீட்டில் கருவாடு பொரித்தால் ஆறு வீட்டுக்கு மணக்கிற இடத்தில், ஆச்சியிடம் யாரும் வராததை உங்கள் பிள்ளைதான் கண்டிருக்கிறான், ஏனென்றால் அவனிடமும் யாரும் வருவதில்லை.

ஆனால் அன்ரியின் கோபத்தையும் தள்ளிவிடாதீர்கள். யார் வீட்டில் யார் தங்குகிறார் என்று பொலிஸில் பதியவேண்டியிருந்த, இரவில் கதவு தட்டிச் சோதனை நடந்த போர்க்காலத்தைக் கொழும்பில் இருந்த நம் ஆட்கள் எப்படி மறப்பார்கள்? ஒருவர் வந்துபோன நேரத்தை யாரோ குறிக்கிறார் என்றாலே அவர்களுக்கு நெஞ்சு பதறும். மகனைக் கூட்டிக்கொண்டு போய் மன்னிப்புக் கேளுங்கள், ஏன் என்றும் அவனுக்கு விளங்கப்படுத்துங்கள். அடுத்த வீட்டு ஆட்களின் போக்குவரத்து இனிக் கொப்பியில் வேண்டாம், தனியாக யார் வீட்டுக்குள்ளும் போகவும் கூடாது. பயப்படும்படி எதையாவது கண்டால் உடனே உங்களிடம் சொல்லட்டும். 1929 என்ற சிறுவர் உதவி இலக்கத்தையும் முதல் பக்கத்தில் எழுதி வையுங்கள்.

அப்புறம், துப்பறிய அவனுக்கு வேறு வேலை கொடுங்கள். சூன் பாண் ஓட்டோவில் போகிற மெட்டு யாருடையது என்று தேடட்டும். பேத்தோவன் 1810இல் எழுதிய பியானோ இசை நம் முடுக்குக்குள் பாண் விற்க எப்படி வந்தது என்பது லேசான வழக்கில்லை. ஞாயிற்றுக்கிழமை வுல்ஃபெண்டால் தேவாலயத்துக்கு நடந்து போங்கள், 1749இல் ஒல்லாந்தர் கட்டத் தொடங்கியது, அங்கே பழைய கல்லறைக் கற்களில் எழுத்துக்கூட்டி வாசிக்க நிறைய இருக்கிறது. கணவர் போனில் எடுக்கும்போது "படிச்சியா" என்று கேட்காமல், "இன்றைக்கு என்ன துப்பு" என்று கேட்கச் சொல்லுங்கள், அவன் கொப்பியைப் பார்த்துச் சொல்லுவான்.

முதலில் நாளைக்கு, 4.10க்கு வரும் ஓட்டோவில் கிம்புலா பணிஸ் மூன்று வாங்கிக்கொண்டு, 5 மணிக்கு இரண்டு பேருமாக மூன்றாம் மாடிக்கு ஏறுங்கள்.