டைமிடம் தோற்ற பொழுதுகள்

கேள்வி: "சுர்ஜித் பாத்தரைப் படித்த பிறகுதான் என் அம்மாவின் பேச்சையே கவனிக்க ஆரம்பித்தேன்" என்று போன இதழில் எழுதியிருந்தீர்கள். யார் அவர்? பஞ்சாபிக் கவிஞருக்கும் பாலக்காட்டுக் கொழிஞ்சாம்பாறையில் இருக்கும் உங்கள் அம்மாவுக்கும் என்ன சம்பந்தம்?
– வாசகி, மீனாட்சிபுரம்

பதில்: ஜலந்தர் மாவட்டத்தில் பத்தர் கலான் என்று ஒரு கிராமம். 1945இல் அங்கே பிறந்தவர், ஊர்ப் பெயரையே தன் பெயரோடு சேர்த்துக்கொண்டார். லூதியானாவில் வேளாண்மைப் பல்கலைக்கழகத்தில் பஞ்சாபிப் பேராசிரியராக இருந்தார். 'காற்றில் எழுதிய எழுத்துகள்' என்ற தொகுப்பு 1979இல் வந்தது. தன் கஜல்களைத் தானே பாடுவார். பட்டாளத்தில் இருந்தபோது ஜலந்தரில் நாலு வருடம் கழித்தேன். பக்கத்துக் கட்டில்காரர் ராத்திரி பாடும் வரிகள் இவருடையவை என்று பிறகுதான் தெரிந்தது.

தாய்மொழி சொல் சொல்லாகச் சாவதைப் பற்றி அவர் ஒரு கவிதை எழுதியிருக்கிறார். விடியலுக்கு முந்திய நேரம் பஞ்சாபியில் அம்ருத் வேளா. இப்படி ஒவ்வொரு பொழுதுக்கும் தனிப் பெயர். அத்தனையும் 'டைம்' என்ற ஒரே சொல்லின் கையால் செத்துப்போகின்றன. டைமிடம் கடிகாரம் இருந்ததாலோ என்னவோ என்கிறார். அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவிட்டேன்.

போன மாதம் எங்கள் வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். பேத்தி விளையாடக் கிளம்பினாள். அம்மா, "பொழுதோட வந்துரு கண்ணு" என்றார். சித்தூரில் மலையாள மீடியத்தில் படிக்கிற பிள்ளை அவள். "எத்தனை மணிக்கு ஆத்தா?" என்று கேட்டாள். அம்மாவுக்குக் கடிகாரம் பார்க்கத் தெரியாது. அவளை வாசலுக்குக் கூட்டிப்போய், நெற்றியில் கையை வைத்து மேற்கே பார்த்து, "பொழுது அந்தப் பனைக்குக் கீழ எறங்கறப்ப" என்றார். பேத்தி பனையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "ஆறு மணி" என்று நான்தான் சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. இன்னும் உறுத்துகிறது.

கேள்வி: அவர் விருதுகளைத் திருப்பிக் கொடுத்தாராமே, உண்மையா?
– வாசகர், வேலந்தாவளம்

பதில்: உண்மைதான். 1993இல் வாங்கிய சாகித்ய அகாதெமி விருதை 2015இல் திருப்பினார். 2020 டிசம்பரில், வேளாண் சட்டங்களை எதிர்த்து டெல்லி எல்லையில் விவசாயிகள் குளிரில் உட்கார்ந்திருந்தபோது, பத்மஸ்ரீயையும் திருப்பித் தருவதாக அறிவித்தார். வயலுக்கு ஆழியாற்றுத் தண்ணீர் வரக் காத்திருக்கும் நமக்கு அந்தக் கோபம் புரியும்.

கேள்வி: இப்போது எங்கே இருக்கிறார்? கடிதம் எழுதலாமா?
– கல்லூரி மாணவி, கோவிந்தாபுரம்

பதில்: 2024 மே 11 அன்று லூதியானாவில் காலமானார், அம்மா. அவருக்கு எழுத நினைத்ததை எனக்கு எழுதுங்கள். உங்கள் வீட்டுப் பெரியவர்கள் பொழுதுகளுக்குச் சொல்லும் பெயர்களைக் கேட்டு, அவர்கள் சொன்னபடியே ஒரு தபால் அட்டையில் அனுப்புங்கள். கோழி கூப்பிட, வெடியால, உச்சிப்பொழுது, பொழுதோட, விளக்கு வைக்கிற நேரம் என்று என்னிடம் இதுவரை ஐந்துதான் சேர்ந்திருக்கின்றன.