பையனுக்கு இப்போது 12 வயது, சரி. சம்பவம் நடந்த அன்று?

காசிமேட்டிலிருந்து ஒரு அம்மா கேட்டிருக்கிறார். காயலான் கடைக்காரர் ஒருவர் சொல்லி அனுப்ப, காலி மனையில் கிடந்த காப்பர் வயரை அவருடைய மகன் எடுத்துவந்து கொடுத்துக் கொஞ்சம் காசு வாங்கியிருக்கிறான். அப்போது அவனுக்கு 11 வயது, போன மாதம்தான் 12 முடிந்தது. இப்போது ஸ்டேஷனில் கூப்பிட்டு, "பன்னிரண்டு ஆயிடுச்சு, கேஸ் போட்டா ஜெயில்தான், பணம் கட்டி முடிச்சுக்கோங்க" என்கிறார்களாம்.

அம்மா, முதலில் பயத்தை விடுங்கள், உங்கள் பையன் ஜெயிலுக்குப் போக மாட்டான். 18 வயது முடியாத யாரையும் லாக்கப்பிலோ ஜெயிலிலோ வைக்கவே கூடாது என்கிறது 2015-ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம்.

சட்டம் பார்ப்பது வயரை எடுத்த அன்று இருந்த வயதை, இன்றைய வயதை அல்ல. பாரதிய நியாய சன்ஹிதா (பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது) பிரிவு 20-இன்படி 7 வயதுக்குக் கீழே இருக்கும் குழந்தை செய்தது எதுவுமே குற்றம் ஆகாது (7 என்பது ரொம்பக் குறைவு, ஐ.நா.வின் குழந்தை உரிமைக் குழு குறைந்தது 14 என்று 2019-லேயே சொல்லிவிட்டது, நானும் அந்தப் பக்கம்தான்). 7-க்கு மேல் 12-க்குள் என்றால் பிரிவு 21: தான் செய்வது என்ன, அதனால் என்ன ஆகும் என்று புரியும் முதிர்ச்சி அந்தச் சமயத்தில் அவனுக்கு இல்லை என்றால் அதுவும் குற்றமில்லை. ஆனால் இது தானாகக் கிடைத்துவிடாது, நம் பக்கம் எடுத்துச் சொல்ல வேண்டும். பெரியவர் சொன்னார், செய்தான், ஒளிக்காமல் வீட்டில் வந்து சொன்னான் என்றால் அதெல்லாம் உதவும், வகுப்பு டீச்சர் சொல்வதும் உதவும். பையனுக்குப் பொய் மட்டும் சொல்லிக் கொடுக்காதீர்கள்.

வயதுக்குப் பள்ளிச் சான்றிதழைத்தான் முதலில் பார்ப்பார்கள், அது இல்லாவிட்டால்தான் மாநகராட்சிப் பிறப்புச் சான்றிதழ். நம் பக்கத்தில் ஸ்கூலில் சேர்க்கும்போது வயதைக் கூட்டிப் போடுவது சகஜம் என்பதால் இன்றைக்கே போய் அங்கே என்ன தேதி இருக்கிறது என்று பாருங்கள், மாறியிருந்தால் வக்கீலிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

வயர்க்காரருக்கு நஷ்டத்தைக் கொடுப்பது உங்கள் விருப்பம், ஆனால் ஸ்டேஷனில் கையெழுத்து எதுவும் போடாதீர்கள், பையனைத் தனியாக அனுப்பாதீர்கள். விசாரிப்பவர் சீருடையில் இருக்கக் கூடாது, ஸ்டேஷனுக்கு ஒரு குழந்தைகள் நலக் காவல் அலுவலர் இருப்பார், அவர்தான் பேச வேண்டும். திருட்டு மாதிரியான வழக்கில் சிறுவன் மட்டும் என்றால் எஃப்.ஐ.ஆர். போட மாட்டார்கள், பெரியவரும் சேர்ந்திருந்தால் போடலாம். போட்டாலும் அவன் விவகாரம் போவது சிறுவர் வழக்குகளைப் பார்க்கும் இளைஞர் நீதிக் குழுமத்துக்குத்தான், அங்கே புத்திமதி சொல்லி வீட்டுக்கே அனுப்பவும் அதிகாரம் உண்டு.

எனக்குக் கோபம் அந்தக் கடைக்காரர் மேல். குழந்தையை வைத்துக் குற்றம் செய்ய வைப்பது அதே நியாய சன்ஹிதாவின் பிரிவு 95-இன்படி தனிக் குற்றம், குறைந்தது 3 ஆண்டு, அதிகபட்சம் 10 ஆண்டு சிறை. இதை எழுத்தில் புகாராகக் கொடுத்து ரசீது வாங்குங்கள். இழுத்தடித்தால் குழந்தைகள் உதவி எண் 1098-க்கும், இலவச வக்கீலுக்கு 15100-க்கும் போன் செய்யுங்கள்.