காற்றுக்கு அசையாத பெயரட்டை

கேள்வி: என் மகளின் திருமண விருந்துபசரிப்பு பினாங்குத் தீவின் பத்து ஃபிரிங்கிக் கடற்கரையோரத் திறந்தவெளியில் மாலை 6 மணிக்குத் தொடங்குகிறது. மேசைக்குப் பத்துப் பேர். பெயரட்டைகள் பறக்காமலிருக்க என்ன செய்யலாம்?
- வாசகி, ஆயர் ஈத்தாம்

பதில்: பகலில் தரை கடலைவிட விரைவாகச் சூடேறுவதால் எழும் கடற்காற்று பொழுது சாய்ந்த பிறகே தணியும் என்பதால், மேசைகளை அலங்கரிக்கும் பிற்பகலில்தான் உங்கள் அட்டைகளுக்கு ஆபத்து அதிகம். கூடாரம்போல் மடித்து நிறுத்திய அட்டை, எவ்வளவு தடித்ததாயினும், தோணியின் பாயைப்போலக் காற்றை வாங்கிச் சாய்ந்துவிடும்.

பாக்கு மரத்தால் பெயர் வந்த தீவாயிற்றே என்று கொட்டைப்பாக்கில் பிளவிட்டு அட்டையைச் செருகுவோர் உண்டு. அழகுதான், ஆனால் எடை போதாது. எலுமிச்சம்பழம் மேல். பழத்தின் அடித்தோலை மட்டும், சதை தெரியாதபடி, மெல்லச் சீவினால் அது உருளாமல் நிற்கும். அட்டையை நேரே பழத்தில் செருகினால் சாறு ஊறி எழுத்து கலையும் என்பதால், பல்குத்தும் குச்சியில் ஒட்டி, அந்தக் குச்சியைப் பழத்தில் குத்துங்கள்.

இவற்றைவிட நான் பரிந்துரைப்பது தாம்பூலப் பை. உள்ளே முழுத் தேங்காய் இருக்கும் பையை எந்தக் கடற்காற்றும் நகர்த்தாது. துளையிட்ட அட்டையை அதன் கைப்பிடியில் மஞ்சள் நூலால் இரு முனைகளிலும் கட்டி, ஒவ்வோர் இருக்கைக்கு முன்னும் வைத்துவிடலாம்.

மேசை விரிப்பின் ஓரங்களைப் பிடிப்பான் போட்டு இறுக்கச் சொல்லுங்கள். விரிப்பு புரண்டால் பழமும் சேர்ந்து உருளும்.